ஒரு பெயர் பட்டியலில் ஏறும் விதம்

இந்தியாவில் எத்தனை இனப் பறவைகள் இருக்கின்றன? இந்தக் கேள்வியை 1864இல் கேட்டிருந்தால் 1008 என்று பதில் வந்திருக்கும். 1970களில் கேட்டவர்களுக்கு, ஏறத்தாழ 1200 என்று சொன்னார்கள். 2016இல் வந்த பட்டியலில் 1263. இந்திய விலங்கியல் ஆய்வு மையம் 2023இல் வெளியிட்ட நூல் 1353 என்கிறது. கடைசி இரண்டு எண்களுக்கு இடையே ஏழே ஆண்டுகள். தொண்ணூறு இனங்கள் கூடிவிட்டன. அதே ஏழு ஆண்டுகளில் ஏரிகள் சுருங்கின, புல்வெளிகள் மனைகளாயின, நாட்டின் பல பகுதிகளில் பறவைகளின் எண்ணிக்கை குறைந்துகொண்டே வந்தது. பறவைகள் குறையக் குறையப் பறவை இனங்களின் எண் ஏறுகிறது என்றால், அந்த எண் எதை எண்ணுகிறது என்று பார்க்கத்தானே வேண்டும்?

பதில் தேடிப் போனால் கொல்கத்தாவில் போய் நிற்போம். பம்பாய் இயற்கை வரலாற்றுக் கழகமும் சாலிம் அலியும் நமக்கு நன்கு பழக்கமானவர்கள் என்பதால், இந்தியப் பறவையியல் பம்பாயில் பிறந்தது போன்ற எண்ணம் பலருக்கு உண்டு. அந்தக் கழகம் தோன்றியதே 1883இல்தான். அதற்கு நாற்பது ஆண்டுகளுக்கு முன்பே, கல்கத்தாவின் பார்க் தெருவில் இருந்த ஆசியக் கழகக் கட்டடத்தில், ஒருவர் தனியாக உட்கார்ந்து இந்தத் துணைக்கண்டத்துப் பறவைகளுக்குப் பேரேடு எழுதிக்கொண்டிருந்தார்.

வில்லியம் ஜோன்ஸ் 1784இல் தொடங்கிய ஆசியக் கழகத்துக்கு முதலில் ஓலைச்சுவடிகளும் கல்வெட்டுகளும்தான் முக்கியம். டென்மார்க்கைச் சேர்ந்த தாவரவியலாளர் நத்தானியல் வாலிக்கின் முயற்சியால் 1814இல் அங்கே அருங்காட்சியகம் ஒன்று உருவானது. நாடெங்குமிருந்து எலும்பும் தோலும் கல்லும் வந்து குவிந்தன. குவிந்தவற்றைப் பார்த்துக்கொள்ள ஓர் ஆள் வேண்டுமே என்று லண்டனில் தேடிப் பிடித்து அனுப்பப்பட்டவர் எட்வர்ட் பிளைத். மருந்துக் கடை வைத்து நொடித்துப்போனவர்; விலங்கியலைத் தாமே படித்துக்கொண்டவர். 1841இல் முப்பது வயதில் வந்து இறங்கிய அவர் 1862இல் உடல்நலம் கெட்டு ஊர் திரும்பும்வரை இருபத்தோர் ஆண்டுகள் அந்த வேலையிலேயே இருந்தார்.

பிளைத் காட்டுக்குப் போய்ப் பறவை தேடியவர் அல்லர். அதற்கு அவரிடம் நேரமும் இல்லை, பணமும் இல்லை. பறவைகள்தான் அவரைத் தேடி வந்தன. காத்மாண்டுவில் ஆங்கிலேயப் பிரதிநிதியாக இருந்த பிரையன் ஹாட்ஜ்சன் நேபாளத்திலிருந்து அனுப்பினார். ஆர்தர் ஃபேயர் பர்மாவிலிருந்து அனுப்பினார். எட்கர் லேயார்ட் யாழ்ப்பாணத்திலும் இலங்கையின் பிற பகுதிகளிலும் சேகரித்ததை அனுப்பினார். சென்னை மாகாணத்தில் படை மருத்துவராக இருந்த தாமஸ் ஜெர்டன் நெல்லூரிலிருந்தும் நீலகிரியிலிருந்தும் அனுப்பினார். உள்ளே பஞ்சு அடைத்த தோல், காலில் நூலால் கட்டிய ஒரு சீட்டு, சீட்டில் தேதி, இடம், பிடித்தவர் பெயர். இவ்வளவுதான் பொதியில் இருக்கும். பிளைத் அதைப் பிரித்து, ஏற்கெனவே அலமாரியில் இருப்பவற்றோடு வைத்து அலகையும் இறகையும் அளந்து பார்ப்பார். எதனோடும் பொருந்தவில்லை என்றால் புதுப்பெயர். லேயார்ட் இலங்கையிலிருந்து அனுப்பிய கிளிக்கு லேயார்டின் மனைவியுடைய குடும்பப் பெயரை வைத்தார். ஜெர்டன் அனுப்பிய, கழுத்தில் இரட்டைப் பட்டை கொண்ட ஓடுபறவைக்கு 1848இல் பெயர் சூட்டினார். இன்று அதை ஜெர்டன் கோர்சர் என்கிறோம்.

பெயர் வைப்பது வேறு, பட்டியலிடுவது வேறு. பெயர் வைக்க ஒரு தோல் போதும். பட்டியலிட வேண்டுமானால், முன்பு யார் யார் என்னென்ன பெயர் வைத்தார்கள், அவற்றுள் எவையெல்லாம் ஒரே பறவைக்கு வைத்த வெவ்வேறு பெயர்கள், எது ஆண், எது பெண், எது குஞ்சு என்று தீர்ப்புச் சொல்லியாக வேண்டும். அந்தக் காலத்தில் இது பெரிய தொல்லை. ஹாட்ஜ்சன் காத்மாண்டுவில் ஒரு பெயர் வைப்பார். அதே பறவைக்கு லண்டனில் ஒருவர் வேறு பெயரை அச்சிட்டிருப்பார். அந்தச் சஞ்சிகை கப்பலேறிக் கல்கத்தா வந்து சேர்வதற்குள் ஜெர்டன் மூன்றாவதாக ஒன்றை அனுப்பியிருப்பார். பிளைத் 1849இல் வெளியிட்ட, ஆசியக் கழக அருங்காட்சியகப் பறவைகளின் அட்டவணை இந்தச் சிக்கலைப் பெருமளவு அவிழ்த்தது. தலைப்பைப் பார்த்தால் ஓர் அலமாரியின் கணக்குப் புத்தகம். உள்ளே இருப்பதோ இமயத்திலிருந்து இலங்கை வரை, சிந்துவிலிருந்து மலாக்கா வரை பரந்த நிலப்பரப்பின் பறவைகளைப் பற்றி அதுவரை கிடைத்தவற்றுள் நம்பத்தகுந்த பதிவு. குளிர்காலத்தில் கொல்கத்தாவின் தோட்டங்களிலும், ஏன், நம் ஊர் வேலிப்புதர்களிலும்கூட, 'சக் சக்' என்று இடைவிடாமல் சத்தம் போடும் மண்நிறக் குருவி ஒன்று உண்டு. பிளைத் நாணல் கதிர்க்குருவி என்று இன்று அழைக்கப்படும் அந்தக் குருவிக்கு அவர் அறிவியல் பெயர் தந்ததும் அதே 1849இல்தான். கண்ணில் படாமல் புதருக்குள்ளேயே திரியும், எந்த நிறத்தையும் சொல்லி அடையாளம் காட்ட முடியாத அப்படி ஒரு பறவையைத் தனியினம் என்று பிரித்துக் கண்டதுதான், என் கணிப்பில், பிளைத்தின் கண்ணுக்கு நல்ல சான்று.

அவருக்கு இன்னொரு வாயிலும் இருந்தது: கடைத்தெரு. குளிர்காலத்தில் கல்கத்தா அங்காடிகளுக்கு வாத்துகள் கட்டுக்கட்டாக வரும். திரெட்டா பஜாரில் கூண்டுப் பறவைகள் கிடைக்கும். சந்தையில் வாங்கிய பறவையில் ஒரு குறை உண்டு. அது எங்கே பிடிபட்டது என்பதை விற்பவர் சொல்வதைத்தான் நம்ப வேண்டும். சீனத்திலிருந்தும் ஜாவாவிலிருந்தும் கப்பலில் வந்த பறவைகள் விற்கும் சந்தையில் அந்தச் சொல்லுக்கு எவ்வளவு மதிப்பு? கூண்டிலிருந்து தப்பிய பறவையைக் காட்டுப் பறவை என்று எழுதிவிடும் ஆபத்து பட்டியலாளர்களுக்கு அன்றும் இருந்தது, இன்றும் இருக்கிறது. வடகொல்கத்தாவின் காலிஃப் தெருவில் ஞாயிறுதோறும் செல்லப்பிராணிச் சந்தை கூடும் ஊர் இது. அங்கே ஒரு பூங்காவில் விசித்திரமான கிளியோ சில்லையோ தென்பட்டால், பறவை நோக்கர்கள் முதலில் பார்ப்பது காலில் வளையம் இருக்கிறதா, இறகு தேய்ந்திருக்கிறதா என்றுதான்.

பிளைத்தைப் பற்றி இன்னொன்றையும் சொல்லிவிடுகிறேன். ஆல்பிரட் வாலஸ் 1855இல் எழுதிய கட்டுரை ஒன்றைக் கவனியுங்கள் என்று டார்வினுக்கு அதே ஆண்டு டிசம்பரில் கல்கத்தாவிலிருந்து கடிதம் எழுதியவர் இவர்தான். டார்வின் அப்போது அதைப் பெரிதாக எடுத்துக்கொள்ளவில்லை. அது வேறு கதை.

பட்டியல் வேலையைப் பிளைத்திடமிருந்து எடுத்துக்கொண்டவர் ஜெர்டன். அவர் ஏற்கெனவே 1839–40இல் தென்னிந்தியப் பறவைகளின் அட்டவணையைச் சென்னையிலிருந்து வந்த ஓர் அறிவியல் சஞ்சிகையில் வெளியிட்டிருந்தார். பிறகு, இந்தியப் பறவைகள் அனைத்துக்கும் கையடக்கமான நூல் ஒன்று வேண்டும், மாவட்ட அதிகாரியோ படை வீரனோ தோளில் துப்பாக்கியோடு போகும்போது எடுத்துப் போகும்படி இருக்க வேண்டும் என்று அரசுக்கு எழுதினார். கானிங் பிரபுவின் அரசு அவரை மருத்துவ வேலையிலிருந்து விடுவித்து இதற்கென்றே அமர்த்தியது. 1862க்கும் 1864க்கும் இடையில் கல்கத்தாவில் அச்சான அந்த நூலில்தான் நாம் தொடக்கத்தில் பார்த்த 1008 இருக்கிறது. ஒவ்வோர் இனத்துக்கும் கிடைத்தவரை இந்தி, வங்காளம், தெலுங்கு, தமிழ்ப் பெயர்களையும் ஜெர்டன் சேர்த்தார். வலையர்களும் வேடர்களும் சொன்ன பெயர்கள் அவை. அந்தப் பெயர்கள் இல்லாவிட்டால், ஒரு மாவட்டத்தில் புதிதாக வந்து இறங்கும் சேகரிப்பாளருக்கு உள்ளூர் ஆளிடம் எதைக் கேட்பது என்றே தெரியாது.

1008 எந்த நிலத்துக்கு? ஜெர்டனின் கணக்கு இந்தியப் பெருநிலத்துக்கு மட்டும்; இலங்கையும் பர்மாவும் அதில் சேரவில்லை. அடுத்து 1889 முதல் 1898 வரை ஓட்ஸும், கல்கத்தாவில் நிலவியல் துறையில் இருந்த பிளான்ஃபோர்டும் எழுதிய நான்கு தொகுதிகளில் அவை இரண்டும் சேர்ந்தன; பர்மாவின் இருவாய்ச்சிகளும் தையல்சிட்டுகளும் இந்தியப் பறவைகள் ஆயின. 1937இல் பர்மா நிர்வாகத்தில் பிரிந்தது. 1961இல் டில்லன் ரிப்ளி தயாரித்த தொகுப்பு இந்தியா, பாகிஸ்தான், நேபாளம், சிக்கிம், பூட்டான், இலங்கை என்று எல்லைகளை எண்ணிப் பார்த்தே தலைப்பு வைக்க வேண்டியிருந்தது. அந்தத் தொகுப்பும், அதையொட்டி 1968 முதல் 1974 வரை சாலிம் அலியும் ரிப்ளியும் எழுதிய பத்துத் தொகுதிகளும் இனங்கள் ஏறத்தாழ 1200, உள்ளினங்களையும் சேர்த்தால் 2060 என்று கணக்கிட்டன. ஆக, தொடக்கத்தில் நான் அடுக்கிய எண்களையே ஒன்றோடொன்று நேராக ஒப்பிட முடியாது. ஒவ்வொன்றின் கீழும் ஒரு வேறு வரைபடம் இருக்கிறது.

இப்போது ஹியூம். காங்கிரஸைத் தொடங்கியவர் என்று பாடப்புத்தகத்தில் படித்த அதே ஆலன் ஆக்டேவியன் ஹியூம்தான். அவருடைய பறவைப் பித்து பாடப்புத்தகத்தில் வராது. 1872 முதல் கல்கத்தாவில் அச்சிட்டுப் பறவைகளுக்கென்றே ஒரு சஞ்சிகை நடத்தினார். நாடு முழுவதும் இருந்த ரயில்வே பொறியாளர்கள், காட்டதிகாரிகள், தேயிலைத் தோட்டக்காரர்களைத் தம் ஆட்களாக்கிக்கொண்டார். 1879இல் அந்தச் சஞ்சிகையில் இந்தியப் பறவைகளின் 'தோராயமான தற்காலிகப் பட்டியல்' ஒன்றை வெளியிட்டார். தோராயம், தற்காலிகம் என்று தலைப்பிலேயே போட்டுக்கொண்டது எனக்குப் பிடித்த விஷயம். பட்டியல் வெளியிடும் எவரும் அப்படித்தான் போட்டுக்கொள்ள வேண்டும், பெரும்பாலோர் போட்டுக்கொள்வதில்லை.

அந்தப் பட்டியல் பெருநூலாக விரியவிருந்தது. இருபத்தைந்து ஆண்டுக் குறிப்புகள் சிம்லாவில் அவருடைய மாளிகையில் கட்டுக்கட்டாக இருந்தன. 1884 குளிர்காலத்தில் அவர் இல்லாத நேரம் பார்த்து வேலையாள் ஒருவர் அவற்றைப் பழைய காகிதமாகக் கடைத்தெருவில் எடைக்குப் போட்டுவிட்டார். ஹியூமுக்கு மனம் விட்டுப்போயிற்று. தம் சேகரிப்பு முழுவதையும் 1885இல் பிரிட்டிஷ் அருங்காட்சியகத்துக்குக் கொடுத்துவிட்டார். தோல்கள், முட்டைகள், கூடுகள் என்று ஏறத்தாழ 82,000. தோல்கள் மட்டுமே 63,000. இந்தியப் பறவைகளுக்கான சான்றுகளில் பெரும்பங்கு அன்று கப்பலேறிப் போனது. இன்றும் அவற்றைப் பார்க்க இங்கிலாந்தில் ட்ரிங் என்ற சிற்றூருக்குத்தான் போக வேண்டும்.

கல்கத்தாவில் எஞ்சியவற்றின் கதை வேறுவிதம். ஆசியக் கழகத்தின் சேகரிப்பு இந்திய அருங்காட்சியகத்துக்குக் கைமாறியது. சௌரங்கியில் அதன் பெரிய கட்டடம் 1878இல் திறக்கப்பட்டது. 1916 ஜூலை 1 அன்று நெல்சன் அன்னண்டேல் தலைமையில் இந்திய விலங்கியல் ஆய்வு மையம் உருவானபோது விலங்கு மாதிரிகள் அதனிடம் வந்தன. வங்காளத்தின் புழுக்கத்தில் பூஞ்சையும் வண்டும் தோலைத் தின்னும். இது அன்றாடப் பகை. பெரிய அடி வேறு திசையிலிருந்து வந்தது. இரண்டாம் உலகப் போரில் ஜப்பானியர் கல்கத்தா மீது குண்டு போடுவார்கள் என்ற அச்சத்தில் 1942இல் மாதிரிகளைப் பெட்டிகளில் அடைத்து வாராணசிக்குக் கொண்டுபோனார்கள். அங்கே 1943இல் வருணை ஆறு பெருகியது. குண்டுக்குத் தப்பியது வெள்ளத்தில் நனைந்தது. அன்று கெட்டுப்போன தோல் ஒவ்வொன்றும் பட்டியலில் ஏதோ ஒரு பெயருக்குச் சாட்சியாக இருந்திருக்கும். போர் முடிந்த பின் விஸ்வமய் பிஸ்வாஸ் போன்றவர்கள்தான் அந்த மையத்தின் பறவைப் பிரிவைத் திரும்ப நிமிர்த்தினார்கள்.

சாட்சி என்று சொல்லும்போது பொய்ச் சாட்சியையும் பேசியாக வேண்டும். காட்டுச் சிறு ஆந்தை என்ற பறவையை 1873இல் உலகுக்கு அறிவித்தவர் ஹியூம். மத்திய இந்தியாவில் கிடைத்தது. அதன் பிறகு சில தோல்கள், கடைசியாக 1884. பின்னர், 1914இல் குஜராத்தில் ஒன்றைச் சுட்டேன் என்றார் ரிச்சர்ட் மைனர்ட்ஸ்ஹேகன். போர்வீரர், உளவாளி, பறவை அறிஞர், பெரிய மனிதர், யார் சந்தேகப்படுவார்? அவர் சொன்ன இடத்தில் தேடியவர்களுக்கு ஆந்தை அகப்படவே இல்லை. 1990களில் அமெரிக்கப் பறவையியலாளர் பமீலா ராஸ்முசன், நைஜல் காலருடன் சேர்ந்து அந்தத் தோலை எக்ஸ்ரே எடுத்துப் பார்த்தார். உள்ளே பாடம் செய்திருந்த கை, 1880களில் கான்தேசத்தில் பறவை சேகரித்த ஜேம்ஸ் டேவிட்சனின் கை. தையலைப் பிரித்து, வேறு பஞ்சு திணித்து, புதுச் சீட்டு மாட்டியிருந்தார் மைனர்ட்ஸ்ஹேகன். அருங்காட்சியகத்திலிருந்து திருடிய தோல்! இப்படி ஒன்றிரண்டு அல்ல, ஏராளம் என்பது பின்னால் தெரியவந்தது. 1914 என்ற பொய்த் தடத்தை விலக்கிவிட்டு, பழைய உண்மைச் சீட்டுகளில் இருந்த ஊர்களுக்குப் போனார்கள் ராஸ்முசனும் அவருடைய இரு தோழர்களும். 1997 நவம்பரில், மகாராஷ்டிரத்தின் ஷஹாதா அருகே, பகல் வெளிச்சத்தில் ஒரு மரக்கிளையில் உட்கார்ந்திருந்தது அந்த ஆந்தை. நூற்றுப் பதின்மூன்று ஆண்டுகளாகத் தேடாத இடத்தில் இருந்தது.

இதற்கு நேர் எதிரான வழக்கும் உண்டு. ஹியூம் 1867இல் சட்லெஜ் பள்ளத்தாக்கில் ஒரே ஒரு கதிர்க்குருவியைப் பிடித்தார். பெரிய அலகு. வேறு எங்கும் கிடைக்காததால், ஏதோ ஒரு பழகிய இனத்தின் மாறுபட்ட வடிவமாக இருக்கும் என்று பலர் ஒதுக்கினார்கள். 2002இல் அந்தத் தோலிலிருந்து மரபணுவை எடுத்துப் பார்த்தபோது அது தனி இனமே என்று தெரிந்தது. 2006 மார்ச்சில் தாய்லாந்தில் வலையில் உயிரோடு ஒன்று விழுந்தது. சில ஆண்டுகளில் ஆப்கானிஸ்தானின் பாமிர் மலைப்பகுதியில் அது இனப்பெருக்கம் செய்யும் இடமும் தெரியவந்தது. ஹியூம் பொய் சொல்லவில்லை, சீட்டிலும் தவறில்லை. நூற்று முப்பத்தொன்பது ஆண்டுகள் அந்த ஒற்றைத் தோல் இழுப்பறைக்குள் காத்திருந்தது.

சரி, எண் ஏன் ஏறுகிறது? பாதிக் காரணம் நம் மேற்குத்தொடர்ச்சி மலையிலேயே இருக்கிறது. ஊட்டியிலோ கொடைக்கானலிலோ சோலை ஓரம் நடந்திருந்தால், சிரிப்பது போல் ஒலியெழுப்பும் சிரிப்பான்களைக் கேட்டிருப்பீர்கள். நீண்ட காலம் அவை இரண்டு இனங்கள் என்றே பட்டியல்களில் இருந்தன. வி.வி. ராபினும் அவருடைய குழுவினரும் 2017இல் வெளியிட்ட மரபணு ஆய்வு, பாலக்காட்டுக் கணவாயும் செங்கோட்டைக் கணவாயும் இந்த மலைப்பறவைகளை நெடுங்காலமாகப் பிரித்தே வைத்திருக்கின்றன என்று காட்டியது. கணவாயின் வெப்பமான தாழ்நிலத்தைக் கடந்து சோலைப்பறவை அடுத்த மலைக்குப் போவதில்லை. இரண்டு, நான்காயிற்று: வயநாட்டின் பாணாசுர மலையில் ஒன்று, நீலகிரியில் ஒன்று, பழனி-ஆனைமலையில் ஒன்று, அகத்தியமலைப் பக்கம் ஒன்று. ஒரு பறவைகூடப் புதிதாக வரவில்லை. சோலையில் இருந்தவை இருந்தபடியே இருக்க, பட்டியலில் இரண்டு வரிகள் கூடின. இப்படி நாடெங்கும் பிரிந்தவை ஏராளம். எதிர்த்திசையில் இரண்டு இனங்கள் ஒன்றானதும் உண்டு. ஆனால் இந்தக் காலத்தின் காற்று பிரிப்பதன் பக்கமே வீசுகிறது.

இதில் பேராசையும் கொஞ்சம் கலந்திருக்கிறது என்பது என் ஐயம். பிரிந்த ஒவ்வோர் இனமும் பறவை நோக்கருக்குத் தன் வாழ்நாள் கணக்கில் ஒன்று கூட்டித் தருகிறது. மாநிலத்துக்குப் பெருமை தருகிறது. ஆனால் சிரிப்பான் விஷயத்தில் நான் பிரிப்பவர்கள் கட்சி. நீலகிரிச் சிரிப்பான் அழிந்தால் பழனியில் இருப்பது அதற்கு ஈடாகாது என்று காட்டுத் துறைக்குப் புரிய வைக்க, பட்டியலில் ஒரு தனி வரியைப் போல வேறு எதுவும் உதவாது.

மீதிக் காரணம், புதிதாகக் கண்டவை. புயலில் திசை தவறி வரும் கடற்பறவைகள், எல்லையோர மலைகளில் கண்ணில் படாமல் இருந்தவை. கேமரா எல்லோர் கையிலும் வந்த பிறகு இவை பெருகின. கூடவே தவறுகளும் பெருகின. இதைச் சீர்செய்யத்தான் பிரவீண், கோவை ஆனைகட்டியில் சாலிம் அலி மையத்தில் இருந்த ராஜா ஜெயபால், ஐதராபாத்தின் ஆஷீஷ் பிட்டி ஆகிய மூவரும் 2016இல் நாடு முழுவதற்குமான பட்டியலை வெளியிட்டார்கள். 23 வரிசைகள், 107 குடும்பங்கள், 498 பேரினங்கள், 1263 இனங்கள். இந்தியக் குடியரசின் இன்றைய எல்லைக்குள் மட்டும். ஒவ்வொரு பெயருக்கும் தோலோ, படமோ, ஒலிப்பதிவோ, ஐயமற விவரித்த பார்வைக் குறிப்போ இருக்கிறதா என்று நூற்றைம்பது ஆண்டு இலக்கியத்தைத் துருவினார்கள். பழைய நூல்களில் இந்தியப் பறவை என்று இருந்தவற்றில் சிலவற்றுக்கு இன்றைய எல்லைக்குள் ஒரு சான்றும் இல்லை. அவை வெளியே போயின. ராஸ்முசனும் ஜான் ஆண்டர்டனும் 2005இல் எழுதிய தெற்காசியப் பறவை நூலும் இதே கண்டிப்போடுதான் வேலை செய்தது: அதன் 1508 இனங்களில் 85 ஐயத்துக்குரியவை, 67 இருக்கக்கூடும் என்ற அளவில்தான் என்று பிரித்தே காட்டியது. ஒரு பட்டியலைக் கையில் எடுத்தால் நான் முதலில் பார்ப்பது இப்படி ஒதுக்கிவைத்த பெயர்களின் பகுதியைத்தான். அது இல்லாத பட்டியலில் யாரோ கண்ணை மூடிக்கொண்டு எல்லாவற்றையும் சேர்த்திருக்கிறார்கள் என்று அர்த்தம்.

இறந்தவர் பெயர் நீக்கப்படாத வாக்காளர் பட்டியலை நாம் அறிவோம். நாட்டுப் பறவைப் பட்டியலும் அப்படித்தான், ஒரு வேறுபாட்டோடு: இங்கே நீக்காமல் இருப்பதுதான் விதி. ஒருமுறை இங்கே இருந்தது உறுதி என்றால் பெயர் இருக்கும். இளஞ்சிவப்புத் தலை வாத்து அப்படி நிற்கும் பெயர். கழுத்தும் தலையும் ரோஜா நிறம். கல்கத்தா அங்காடிக்குக் குளிர்காலத்தில் எப்போதாவது வந்துகொண்டிருந்த வாத்து. பீகாரின் தர்பங்கா பக்கம் 1935இல் கண்டதற்குப் பிறகு காட்டில் உறுதியான பதிவு இல்லை. கல்கத்தாவின் எஸ்ரா குடும்பத்தைச் சேர்ந்த ஆல்பிரட் எஸ்ரா இங்கிலாந்தில் தம் தோட்டத்தில் சிலவற்றை வளர்த்தார், அவையும் போயின. இமயக் காடையைக் கடைசியாகக் கண்டது 1876இல். பிளைத் பெயர் வைத்த ஜெர்டன் கோர்சரும் 1900க்குப் பிறகு இந்தக் கூட்டத்தில்தான் இருந்தது. 1986இல் கடப்பை அருகே லங்கமலைப் புதர்க்காட்டில் மீண்டும் கண்டார்கள். பெயரை நீக்கியிருந்தால் அதைத் தேடப் போயிருப்பார்களா?

எத்தனை இருக்கின்றன என்பதைப் பட்டியல் சொல்லாது. கொல்கத்தாவுக்கு இதில் தனி அனுபவம் உண்டு. வங்காளிகளும் அசாமியர்களும் ஹர்கிலா என்று சொல்லும் பெருநாரை, ஆளுயரம், வழுக்கைத் தலை, கழுத்தில் தொங்கும் பை, பத்தொன்பதாம் நூற்றாண்டில் இந்த நகரத்தின் கூரைகளில் கூட்டங்கூட்டமாக நின்றது. ஆளுநர் மாளிகையின் மேல் வரிசையாக நிற்கும் காட்சி பழைய ஓவியங்களில் இருக்கிறது. தெருக்கழிவையும் பிணங்களையும் தின்று நகரைத் துப்புரவு செய்ததால் மாநகராட்சியின் பழைய சின்னத்திலேயே இரண்டு ஹர்கிலாக்கள் இடம்பெற்றன. கோடையிலும் மழையிலும் நகரில் இருக்கும். குளிர்காலத்தில் காணாமல் போகும். எங்கே போய்க் குஞ்சு பொரிக்கிறது என்பது நீண்ட காலம் புதிராக இருந்தது. 1877இல் பர்மாவின் சிட்டாங் ஆற்றுப் பக்கம் பிரம்மாண்டமான கூட்டுக் குடியிருப்பு ஒன்றைக் கண்டவர், பின்னால் பட்டியல் எழுதிய அதே ஓட்ஸ்தான். அந்தக் குடியிருப்பு பிற்பாடு அழிந்தது. கல்கத்தாவில் பாதாளச் சாக்கடை வந்தது. ஹர்கிலா வருவது நின்றது. மேற்கு வங்கப் பட்டியலில் பெயர் இருக்கிறது. பறவையைப் பார்க்க அசாமுக்கோ பீகாரின் பாகல்பூருக்கோ போக வேண்டும். அசாமில் பூர்ணிமா தேவி பர்மனும் அவருடன் சேர்ந்த கிராமத்துப் பெண்களும் கூட்டு மரங்களை வெட்டாமல் காத்ததால் அங்கே எண்ணிக்கை தேறியிருக்கிறது.

இந்த எண்ணிக்கைக் குறையை இப்போது வேறொரு வழியில் நிரப்புகிறார்கள். ரவீந்திர சரோபரில் காலை நடைக்கு வருபவர், நரேந்திரபூர் சிந்தாமணி கர் சரணாலயத்தின் மாந்தோப்பில் நுழைபவர், சாந்த்ராகாச்சி ஏரியில் சீழ்க்கைச் சிரவிகளை எண்ணுபவர், நம் ஊரில் பொங்கல் விடுமுறையில் பறவை கணக்கெடுப்பவர் என்று எல்லோரும் பார்த்ததைக் கைப்பேசியில் இ-பேர்ட் என்ற பறவைப் பதிவுத் தளத்தில் பதிகிறார்கள். அந்த இடத்துக்கும் மாதத்துக்கும் பொருந்தாத பறவையைப் பதிந்தால் உடனே கேள்வி வரும். உள்ளூர்ப் பரிசோதகர் படம் கேட்பார். பிளைத் தனி ஆளாகச் செய்த வேலையில் ஒரு பகுதி இது. 2023இல் வந்த இந்தியப் பறவைகளின் நிலை அறிக்கை, ஏறத்தாழ 30,000 பேர் தந்த மூன்று கோடிப் பதிவுகளைக் கொண்டு 942 இனங்களை மதிப்பிட்டது. உலக அளவில், ஒன்றுக்கொன்று முரண்பட்ட பட்டியல்களை இணைத்து 2025 ஜூனில் ஏவிலிஸ்ட் வெளியானது: 11,131 இனங்கள். ஹாட்ஜ்சனும் ஜெர்டனும் ஒரே பறவைக்கு இரு பெயர் அனுப்பிய நாளில் தொடங்கிய பஞ்சாயத்து இன்னும் நடக்கிறது.

பறவையைக் கொல்லாமல் பெயர் வைக்க முடியுமா என்பதும் அந்தப் பஞ்சாயத்தில் ஒரு வழக்கு. அருணாசலத்தின் ஈகிள்நெஸ்ட்டில் ரமணா ஆத்ரேயா 2006இல் புகுன் லியோசிக்லா என்ற புதிய பறவையை அறிவித்தபோது, சில சோடிகளே இருக்கும் இனத்தில் ஒன்றைக் கொல்ல மறுத்தார். வலையில் பிடித்து, அளந்து, படமெடுத்து, உதிர்ந்த இறகுகளை வைத்துக்கொண்டு விட்டுவிட்டார். அதை ஏற்றுக்கொண்டார்கள். 2011இல் கிரேட் நிக்கோபார் தீவின் கேம்பல் விரிகுடா அருகே, கொல்கத்தாவைத் தலைமையகமாகக் கொண்ட அதே விலங்கியல் ஆய்வு மையத்தின் ஆய்வாளர்கள், எந்த நூலிலும் இல்லாத ஒரு நீர்க்கோழியைக் கண்டு படமெடுத்தார்கள். சிவந்த அலகு, சிவந்த கால், அடிவயிற்றில் பட்டைகள். இறகில்லை, இரத்தமில்லை, தோலில்லை, படம் மட்டும். இனம் இன்னதென்று தீர்மானிக்கப் போதுமான மாதிரி கிடைக்காததால் அதற்கு அறிவியல் பெயர் வைக்கப்படவில்லை.